ஏவிஆர் திரும்பத் திரும்பக் கருகுகிறது: கோளாறு பெட்டியிலா, ஆல்டர்னேட்டரிலா?

நைட்ஷிப்ட்

வணக்கம். 62.5 கேவிஏ டீசல் செட், 415 வோல்ட், 50 ஹெர்ட்ஸ், பிரஷ் இல்லாத ஆல்டர்னேட்டர். ஏவிஆர் (வோல்டேஜைத் தானாகவே சீராக வைக்கும் பெட்டி) எஸ்எக்ஸ்460, பிஎம்ஜி (ஏவிஆருக்குத் தனியாக மின்சாரம் தரும் நிரந்தரக் காந்த ஜெனரேட்டர்) கிடையாது. லோடு இல்லாமல் ஓட்டினால் வோல்டேஜ் 415-இல் சரியாக நிற்கிறது. பாதி லோடு ஏறியதும் 370, 360 என்று இறங்கி விளக்கெல்லாம் மங்கி, கொஞ்ச நேரத்தில் ஏவிஆர் பக்கமிருந்து பிசின் கருகும் வாசனை வருகிறது. பார்க்க வந்த டெக்னீஷியன் ஏவிஆர் போய்விட்டது என்று சொல்லிப் புதிது மாட்டினார், அதுவும் அதே மாதிரி கருகிவிட்டது. இப்போது மூன்றாவது வாங்கச் சொல்கிறார். வாங்குவதற்கு முன் நாமே எதைப் பார்க்கலாம்? இன்ஜின் நன்றாகத்தான் ஓடுகிறது, லோடிலும் 50 ஹெர்ட்ஸுக்குக் கீழே போகவில்லை. மல்டிமீட்டர், கிளாம்ப் மீட்டர், 500 வோல்ட் மெக்கர் (காப்பைச் சோதிக்கும் மீட்டர்) மூன்றும் கையில் இருக்கின்றன.

காப்பர்காயில்

மூன்றாவதை இப்போது வாங்காதீர்கள். ஏவிஆர் தன் ஆயுள் முடிந்து செத்திருந்தால் புதிது மாட்டியதும் பிரச்சினை தீர்ந்திருக்கும். புதிதும் அதே இடத்தில் கருகுகிறது என்றால் அதன் தாங்குதிறனுக்கு மேல் யாரோ கரண்ட் இழுக்கிறார்கள். அது யார் என்றுதான் தேட வேண்டும்.

ஏவிஆர் நேராக 415 வோல்டை உண்டாக்குவதில்லை. எக்சைட்டர் ஸ்டேட்டர் என்ற சின்ன காயிலுக்கு டிசி கொடுப்பதோடு அதன் வேலை முடிகிறது. அந்தக் காந்தப்புலத்துக்குள் சுற்றும் எக்சைட்டர் ரோட்டரில் மூன்று ஃபேஸ் ஏசி பிறக்கிறது, ஷாஃப்டோடு சேர்ந்து சுற்றும் ஆறு டயோடுகள் அதை டிசி ஆக்கி மெயின் ரோட்டருக்கு அனுப்புகின்றன, மெயின் ரோட்டர்தான் மெயின் ஸ்டேட்டரில் நமக்கு வேண்டிய வோல்டேஜைக் கொண்டுவருகிறது. இந்த வரிசையில் எங்கே கோளாறு வந்தாலும் வெளியே தெரிவது வோல்டேஜ் குறைவு ஒன்றுதான். குறைந்ததைப் பார்த்த ஏவிஆர் இன்னும் டிசி ஏற்றும், இன்னும் ஏற்றும். எஸ்எக்ஸ்460 தொடர்ந்து தரக்கூடியது 4 ஆம்பியர், 10 வினாடிக்கு மட்டும் 6 ஆம்பியர். அதைத் தாண்டி நாள் முழுக்க இழுத்தால் கருகத்தான் செய்யும்.

அதனால் ஏவிஆரைச் சங்கிலியிலிருந்து எடுத்துவிட்டு பேட்டரி டெஸ்ட் செய்யுங்கள். மெயின் பிரேக்கர் ஆஃப். ஏவிஆரிலிருந்து எக்சைட்டர் ஸ்டேட்டருக்குப் போகும் எக்ஸ், எக்ஸ்எக்ஸ் வயர் இரண்டையும் கழற்றி, முதலில் அந்தக் காயிலின் ஓம்ஸ் அளந்து குறித்துக்கொள்ளுங்கள். அப்புறம் இன்ஜினை 1500 ஆர்பிஎம்மில் ஓட்டி, எக்ஸ் வயருக்கு 12 வோல்ட் பேட்டரியின் பாசிட்டிவ், எக்ஸ்எக்ஸுக்கு நெகட்டிவ், நடுவில் ஒரு ஃபியூஸ். மூன்று ஃபேஸுக்கு இடையிலும் வோல்டேஜ் அளந்து எழுதுங்கள். இந்த அளவு மெஷின்களில் லோடு இல்லாமல் முழு வோல்டேஜ் வருவதற்குப் பெரும்பாலும் 10 முதல் 12 வோல்ட் டிசி போதும்.

லோடுடெஸ்ட்

காப்பர்காயில் அண்ணன் சொன்னதோடு ஒன்று சேர்த்துக்கொள்கிறேன். இன்ஜின் ஓடும்போது டெர்மினல் பெட்டிக்குள் கை வைக்காதீர்கள். பேட்டரி வயர், மீட்டர் வயர் எல்லாவற்றையும் இன்ஜின் நிற்கும்போதே கட்டி வெளியே கொண்டுவந்துவிட்டு, மூடியைப் போட்ட பிறகு ஸ்டார்ட் செய்யுங்கள். உள்ளே வேலை செய்யும்போது ஸ்டார்ட்டர் பேட்டரியின் நெகட்டிவ் கழன்றே இருக்கட்டும், ரிமோட்டில் ஆட்டோ ஸ்டார்ட் இருக்கும் செட்டுகளில் இது உயிர் விஷயம்.

இன்னொன்று, 7, 8 டெர்மினலுக்கு வரும் சென்சிங் வயர் இரண்டையும் லேசாக இழுத்துப் பாருங்கள். இது சிலர் கண்ணில் படாமலே போய்விடுகிறது. உங்கள் மாடலில் அந்த வயர்தான் ஏவிஆருக்குச் சாப்பாடும் போடுகிறது, அதனால் அறுந்தால் வோல்டேஜ் வராது, அவ்வளவுதான். ஆனால் பிஎம்ஜி இருக்கும் மெஷினில் சென்சிங் மட்டும் அறுந்தால் ஏவிஆர் வோல்டேஜே இல்லை என்று நினைத்து முழு எக்சைட்டேஷன் கொடுக்கும். எம்எக்ஸ்321 மாதிரி உள்ளேயே ஓவர் வோல்டேஜ் பாதுகாப்பு உள்ளவை கட் ஆகிவிடும், அது இல்லாதவற்றில் லோடில் இருக்கும் பொருட்கள்தான் பலியாகும்.

நைட்ஷிப்ட்

செய்து பார்த்துவிட்டேன். எக்ஸ், எக்ஸ்எக்ஸ் காயில் 19 ஓம்ஸ். பாடிக்கும் காயிலுக்கும் மெக்கர் நன்றாக இருக்கிறது. பேட்டரி 12.4 வோல்ட் கொடுத்தபோது மூன்று ஃபேஸிலும் 252, 253, 252. இதை எப்படி எடுத்துக்கொள்வது?

காப்பர்காயில்

அருமையான ரீடிங், இதிலேயே பாதி விடை இருக்கிறது.

மூன்று ஃபேஸும் சமமாக வருகிறது. மெயின் ஸ்டேட்டரில் சுற்றுகள் ஷார்ட் ஆகியிருந்தால் ஒரு ஃபேஸ் மட்டும் கீழே விழுந்திருக்கும், இன்ஜினும் லோடு இல்லாமலே முனகும், வைண்டிங் சுடும். ஒரு சதவீதத்துக்குள் சமமாக இருந்தால் மெயின் ஸ்டேட்டரைச் சந்தேகப் பட்டியலிலிருந்து எடுத்துவிடலாம். ரீவைண்டிங் செய்ய வேண்டும் என்று யாராவது சொன்னால் இந்த மூன்று எண்களையும் காட்டுங்கள்.

சமமாக, ஆனால் குறைவாக வந்தால் கோளாறு சுற்றும் பகுதியில் இருக்கிறது: டயோடு, வேரிஸ்டர் (திடீர் அதிக வோல்டேஜிலிருந்து டயோடுகளைக் காக்கும் பாகம்), எக்சைட்டர் ரோட்டர், மெயின் ரோட்டர். இவற்றில் அடிக்கடி போவது டயோடுதான். ஒரு டயோடு ஷார்ட் ஆனால் எக்சைட்டர் ரோட்டரின் சக்தியில் பெரும்பகுதி அந்த ஷார்ட்டிலேயே சுற்றி வீணாகும். ஏவிஆர் இரண்டு மடங்கு, மூன்று மடங்கு டிசி கொடுத்துத்தான் லோடு இல்லாமலே 415-ஐப் பிடித்துக்கொண்டிருந்திருக்கும், நீங்கள் வெளியே பார்த்தது அந்த 415 மட்டும். லோடு ஏறியதும் அதனால் முடியவில்லை. கணக்குப் போட்டுப் பாருங்கள்: இந்த ஏவிஆர் அதிகபட்சம் 90 வோல்ட் தரும், காயில் 19 ஓம்ஸ், 90-ஐ 19-ஆல் வகுத்தால் 4.7 ஆம்பியர். தொடர்ந்து தாங்குவது 4. பிசின் கருகியதற்கு வேறு காரணம் தேட வேண்டாம்.

பின்பக்க மூடியைத் திறந்து டயோடு தட்டைப் பாருங்கள். ஒவ்வொரு டயோடின் மேல் வயரையும் கழற்றிவிட்டுத்தான் அளக்க வேண்டும், இல்லாவிட்டால் வைண்டிங் வழியாக ரீடிங் ஏமாற்றும். டயோடு மோடில் ஒரு திசையில் 0.4 முதல் 0.6 வரை, மறுதிசையில் ஓப்பன். இரண்டு திசையிலும் பூஜ்யம் காட்டினால் ஷார்ட், இரண்டு திசையிலும் ஓப்பன் காட்டினால் அதுவும் போனதுதான்.

நைட்ஷிப்ட்

நீங்கள் சொன்னபடியே. பாசிட்டிவ் தட்டில் நடு டயோடு இரண்டு பக்கமும் பூஜ்யம். மற்ற ஐந்தும் 0.48, 0.49 என்று காட்டுகின்றன. இரண்டு தட்டுக்கும் நடுவில் இருந்த வட்டமான வேரிஸ்டர் விளிம்பில் விரிந்து, ஒரு சில்லு காணவில்லை, பக்கத்தில் கரி படிந்திருக்கிறது. போன டயோடை மட்டும் மாற்றினால் போதுமா?

காப்பர்காயில்

ஆறையும் மாற்றுங்கள். மல்டிமீட்டர் இரண்டு மூன்று வோல்டில்தான் சோதிக்கிறது. ஓடும்போது டயோடு பார்க்கும் ரிவர்ஸ் வோல்டேஜ் அதைவிடப் பல மடங்கு. ஷார்ட் ஆன ஒன்றோடு சேர்ந்து சூடு தின்ற மற்ற ஐந்தும் மீட்டரில் நன்றாகக் காட்டிவிட்டு லோடில் கசியலாம். மூடியைத் திறந்ததும் திறந்தாயிற்று, ஒரே வேலையாக முடித்துவிடுங்கள்.

வாங்கும்போது கவனம், மூன்று டயோடில் போல்ட் பக்கம் கேத்தோடு, மூன்றில் போல்ட் பக்கம் ஆனோடு. வெளியே பார்க்க ஒரே மாதிரி இருக்கும். தட்டில் மாட்டுவதற்கு முன் ஒவ்வொன்றையும் மீட்டரில் பார்த்துப் பிரித்து வையுங்கள். ஹீட் சிங்க் பசையை டயோடின் அடிப்பக்கத்தில் மெல்லிசாகத் தடவுங்கள், மரையில் படக்கூடாது. டார்க் ரெஞ்சில் புத்தகத்தில் உள்ள அளவுக்கு முறுக்குங்கள். அதிகமாக முறுக்கினால் உள்ளே இருக்கும் சிலிக்கான் வில்லை விரிசல் விடும், குறைவாக இருந்தால் சூடு தட்டுக்கு இறங்காது.

வேரிஸ்டர் கிடைக்கத் தாமதமானால் பழையதைக் கழற்றிவிட்டுத் தற்காலிகமாக ஓட்டலாம், மெஷின் வழக்கம்போல ஓடும், ஆனால் பாதுகாப்பு இல்லாமல் ஓடுகிறது என்பதை மறக்காதீர்கள். அது ஏன் வெடித்தது என்பதுதான் எனக்கு முக்கியம். வேரிஸ்டர் போவது வெளியிலிருந்து பெரிய அதிர்ச்சி வந்தால்: அவுட்புட்டில் நேரடி ஷார்ட், இடி, அல்லது இரண்டு செட்டை ஃபேஸ் ஒத்துப்போகாமல் பேரலல் செய்தது. அண்மையில் கேபிளில் ஏதாவது ஷார்ட் நடந்ததா என்று விசாரியுங்கள்.

நைட்ஷிப்ட்

பம்ப் மோட்டார் கேபிள் ஒன்று எரிந்து பிரேக்கர் டிரிப் ஆனதாகப் பகல் ஷிப்டில் சொல்கிறார்கள். அதற்குப் பிறகுதான் இது தொடங்கியது. டயோடும் வேரிஸ்டரும் மாற்றியதும் அதே பேட்டரியில் 410 வந்துவிட்டது. ஏவிஆர் புதிது போட்டு முக்கால் லோடு வரை ஏற்றினேன், 414-இல் நிற்கிறது, எக்ஸ், எக்ஸ்எக்ஸில் டிசி 30 வோல்டுக்குள். ரொம்ப நன்றி அண்ணா.

பம்ப்ரூம்

நல்ல இழை. என் பிரச்சினை வேறு. வோல்டேஜ் 405-க்கும் 425-க்கும் நடுவில் ஊசலாடுகிறது, விளக்குகள் மூச்சு விடுவதுபோல ஏறி இறங்குகின்றன. ஏவிஆரில் ஸ்டெபிலிட்டி என்று எழுதிய பிரீசெட்டை (அளவை மாற்றும் சின்ன திருகு) திருப்பினால் போதுமா?

லோடுடெஸ்ட்

திருப்புவதற்கு முன், அது இப்போது இருக்கும் இடத்தில் பெயின்ட் பேனாவால் ஒரு கோடு போடுங்கள். எந்த பிரீசெட்டைத் தொட்டாலும் இந்தப் பழக்கம் வேண்டும்.

ஊசலாட்டம் இன்ஜினிலிருந்து வருகிறதா, ஏவிஆரிலிருந்து வருகிறதா என்று முதலில் பிரிக்க வேண்டும். மேலே சொன்ன பேட்டரி டெஸ்ட் இதற்கும் உதவும். நிலையான 12 வோல்ட் கொடுத்தும் அவுட்புட் ஆடினால் ஏவிஆருக்கு அதில் பங்கே இல்லை, ஸ்பீடுதான் ஆடுகிறது. டீசல் ஃபில்டர் அடைப்பு, லைனில் காற்று, கவர்னர் லிங்கேஜில் தேய்மானம், இவற்றைப் பாருங்கள். பேட்டரியில் அசையாமல் நின்று, ஏவிஆர் மாட்டியதும் ஆடினால் அப்போது ஸ்டெபிலிட்டிக்கு வாருங்கள். அங்கே பிரீசெட்டோடு ஒரு லிங்க்கும் இருக்கும், மெஷினின் அளவைப் பொறுத்து எந்த இரண்டு பின்னைச் சேர்க்க வேண்டும் என்பது மாறும். வேறு செட்டிலிருந்து கழற்றிய ஏவிஆரை மாட்டியவர்கள் இந்த லிங்க்கை மாற்றாமல் விட்டிருப்பார்கள், பிரீசெட்டை எவ்வளவு திருப்பினாலும் ஆட்டம் நிற்காது.

எக்ஸ், எக்ஸ்எக்ஸில் முள் மீட்டர் வைத்துப் பாருங்கள். டிஜிட்டல் மீட்டரில் எண் குதிப்பது தெரியும், ஆட்டத்தின் வேகமும் அது எப்படி அடங்குகிறது என்பதும் முள்ளில்தான் தெரியும்.

பம்ப்ரூம்

பேட்டரியில் நன்றாக நிற்கிறது. லிங்க் பெரிய மெஷினுக்கான இடத்தில் இருந்தது, மாற்றியதும் பகலில் அடங்கிவிட்டது. ஆனால் இரவில் லோடு குறையும்போது வோல்டேஜ் 450 வரை ஏறுகிறது. வோல்ட் பிரீசெட்டை முழுக்கக் குறைத்தாலும் இறங்க மாட்டேன் என்கிறது.

காப்பர்காயில்

பவர் ஃபேக்டர் கெப்பாசிட்டர் பேனல் இருக்கிறதா? இருந்தால் ஜெனரேட்டர் ஓடும்போது அதை ஆஃப் செய்து பாருங்கள். வோல்டேஜ் இறங்கிவிட்டால் காரணம் அதுதான்.

மோட்டார் லோடு போனதும் கெப்பாசிட்டர் மட்டும் லைனில் தங்கிவிடுகிறது. அது இழுக்கும் லீடிங் கரண்ட் (வோல்டேஜுக்கு முந்தி ஓடும் கரண்ட்) மெயின் ஸ்டேட்டரில் ஓடும்போது அது ரோட்டரின் காந்தப்புலத்துக்கு உதவி செய்கிறது, அதாவது மெஷின் தன்னையே எக்சைட் செய்துகொள்கிறது. ஏவிஆரால் செய்ய முடிந்தது தன் டிசியைப் பூஜ்யம் வரை குறைப்பது மட்டும்தான், பூஜ்யத்துக்குக் கீழே அதனால் போக முடியாது. இந்த நிலையில் எத்தனை ஏவிஆர் மாற்றினாலும் அதே 450 வரும். இன்புட் ஃபில்டரில் கெப்பாசிட்டர் உள்ள பெரிய யுபிஎஸ்ஸும் குறைந்த லோடில் இதே வேலையைச் செய்யும். கெப்பாசிட்டர் பேனலின் கான்டாக்டரை, செட் ஓடும்போது ஏறாதபடி இன்டர்லாக் செய்துவிடுங்கள்.

யுபிஎஸ் விஷயத்தில் இன்னொன்றும் உண்டு, வேவ்ஃபார்ம் கெடுவதால் இரண்டு ஃபேஸை மட்டும் பார்க்கும் சாதாரண ஏவிஆர் குழம்பும். அந்த மாதிரி லோடு அதிகம் உள்ள இடத்தில் பிஎம்ஜியும், மூன்று ஃபேஸையும் ஆர்எம்எஸ்ஸாக அளக்கும் ஏவிஆரும் உள்ள மெஷின்தான் சரிப்படும்.

பஸ்பார்

பேட்டரி டெஸ்டை எல்லோரும் சொல்லிவிட்டீர்கள். ஏவிஆரைத் தனியாக மேஜையில் வைத்துச் சோதிக்கும் முறையையும் எழுதிவிடுகிறேன். எக்ஸ், எக்ஸ்எக்ஸில் 240 வோல்ட், 60 வாட் குண்டு பல்பு. இன்புட்டில் அந்த மாடலுக்கு உரிய ஏசி, முடிந்தால் வேரியாக் (வோல்டேஜை ஏற்றி இறக்கும் டிரான்ஸ்ஃபார்மர்) வழியாக. இன்புட் குறைவாக இருக்கும்போது பல்பு எரிய வேண்டும், செட் செய்த வோல்டேஜைத் தாண்டியதும் அணைய வேண்டும், வோல்ட் பிரீசெட்டைத் திருப்பினால் அணையும் இடமும் நகர வேண்டும். எப்போதும் எரிந்தால் தைரிஸ்டர் ஷார்ட், எரியவே இல்லை என்றால் உள்ளே ஓப்பன். இதில் தோற்ற ஏவிஆர் நிச்சயமாகப் போனது. ஆனால் இதில் தேறியது நல்லது என்று அடித்துச் சொல்ல முடியாது, சூடும் அதிர்வும் சேரும்போது மட்டும் வரும் கோளாறு மேஜையில் தெரியாது.

நைட்ஷிப்ட்

வேறு ஒரு சந்தேகம். நீண்ட நாள் ஓட்டாமல் வைத்த ஒரு சின்ன செட்டில் வோல்டேஜே வரவில்லை, மீட்டரில் இரண்டு மூன்று வோல்ட்தான்.

லோடுடெஸ்ட்

மிச்சக் காந்தம் இறங்கியிருக்கும். பிஎம்ஜி இல்லாத மெஷின், நிற்கும்போது இரும்பில் தங்கியிருக்கும் அந்தக் கொஞ்சம் காந்தத்தை வைத்துத்தான் தொடங்குகிறது. 12 வோல்ட் பேட்டரியின் பாசிட்டிவ் வயரில் ஒரு டயோடைத் தொடராகப் போட்டு, செட் ஓடும்போது எக்ஸ், எக்ஸ்எக்ஸுக்கு ஓரிரு வினாடி கொடுத்து எடுங்கள். வோல்டேஜ் ஏறியதும் ஏவிஆரின் டிசி பேட்டரிக்குள் பாயாமல் தடுக்க அந்த டயோடு. துருவத்தை மாற்றிக் கொடுத்தால் இருக்கும் காந்தமும் போய்விடும். அதற்கு முன் ஏவிஆரின் கே1, கே2 லிங்க் (எக்சைட்டேஷனை ஆன், ஆஃப் செய்யும் இணைப்பு) போட்டிருக்கிறதா என்று பாருங்கள், அது கழன்றிருந்தாலும் இதே அறிகுறிதான்.

அந்தச் செட்டை வாரம் ஒருமுறை ஓட்டும்போது ஐட்லிங்கில் விட்டுவிட்டுப் போகாதீர்கள். ஸ்பீடு குறைந்தால் வோல்டேஜ் குறையும், ஏவிஆர் முட்டுக்கொடுக்கப் பார்க்கும். இப்போதைய ஏவிஆர்களில் யுஎஃப்ஆர்ஓ (ஸ்பீடு குறைந்தால் காக்கும் பாதுகாப்பு) இருப்பதால் 50 ஹெர்ட்ஸ் மெஷினில் 47.5 பக்கம் வந்ததும் வோல்டேஜையும் சேர்த்து இறக்கிவிடும், பழைய மாடல்களில் அது கிடையாது, மெதுவாக ஓட்டினால் கருகும். இதே யுஎஃப்ஆர்ஓ இன்னொரு குழப்பத்தையும் தரும்: மெக்கானிக்கல் கவர்னர் உள்ள செட்டை லோடு இல்லாமல் 52-இல் வைக்க வேண்டும், லோடில் அது 50-க்கு வரும். 50-இல் வைத்துவிட்டால் லோடில் 48, பெரிய மோட்டார் ஏறினால் 47, உடனே வோல்டேஜும் சரியும். ஏவிஆர் சரியாகத்தான் வேலை செய்கிறது, பழி மட்டும் அதன்மேல் விழும்.

பம்ப்ரூம்

வழக்கமான பராமரிப்பில் ஏவிஆருக்கு என்ன செய்யலாம்? பிரீசெட்டுகளில் கான்டாக்ட் கிளீனர் அடிக்கலாமா?

பஸ்பார்

நான் அடிப்பேன். தூசி அடைந்த பிரீசெட் ஆட்டம் காட்டும்.

காப்பர்காயில்

இதில் உங்களோடு ஒத்துப்போக மாட்டேன். பிரீசெட்டில் சீல் வார்னிஷ் இருந்தால் கிளீனர் அதைக் கரைத்துத் தடத்தில் படிய வைக்கும், சில கிளீனர் பிளாஸ்டிக்கையும் கெடுக்கும். உலர்ந்த காற்றும் மென்மையான பிரஷும் போதும். பிரீசெட் கெட்டிருந்தால் மாற்றுங்கள்.

பராமரிப்பில் நேரம் செலவிட வேண்டிய இடம் வயர் முனைகள்தான். ஏவிஆர் பழுது என்று என்னிடம் வரும் வேலைகளில் நிறைய, லக் கிரிம்ப் தளர்ந்தும் ஸ்பேடு டெர்மினல் பச்சை பூத்தும் வந்தவை. வயரைக் கட்டும் டை அறுந்து, அதிர்வில் காப்பு தகட்டில் உரசித் தேய்ந்திருக்கும். ஏவிஆரைத் தாங்கும் ரப்பர் புஷ் இறுகிக் கெட்டியாகியிருந்தால் மாற்றுங்கள். மெக்கர் போடும்போது ஏவிஆர் வயர்களை மறக்காமல் கழற்றுங்கள், டயோடுகளை ஷார்ட் செய்துவிடுங்கள், 500 வோல்ட் அதில் ஏறினால் நல்ல ஏவிஆரை நாமே கொன்றுவிடுவோம். வைண்டிங் 1 மெகாஓம்முக்குக் கீழே வந்தால் உலர்த்தாமல் ஓட்டக்கூடாது.

பஸ்பார்

கிளீனர் விஷயத்தில் நீங்கள் சொல்வது நியாயம்தான், வார்னிஷ் போட்டவற்றில் அடிக்க மாட்டேன். கடைசியாக ஒன்று கேட்டுவிடுகிறேன். இரண்டு செட்டைப் பேரலல் செய்தால் லோடு இல்லாமலே இரண்டுக்கும் நடுவில் பெரிய கரண்ட் ஓடுகிறது. கிலோவாட் இரண்டிலும் பூஜ்யம், வோல்டேஜும் பேரலலுக்கு முன் சமமாகத்தான் இருந்தது. ஒன்றில் அண்மையில் ஏவிஆர் மாற்றினோம்.

காப்பர்காயில்

கிலோவாட் இல்லாமல் கரண்ட் மட்டும் ஓடினால் ரியாக்டிவ் கரண்ட் (வேலை எதுவும் செய்யாத கரண்ட்) சுற்றுகிறது. ஏவிஆர் மாற்றிய செட்டில் டிரூப் சிடியின் (பேரலலில் ரியாக்டிவ் கரண்டைப் பங்கிட ஏவிஆருக்குக் கரண்ட் அளவைச் சொல்லும் சின்ன டிரான்ஸ்ஃபார்மர்) எஸ்1, எஸ்2 வயர் தலைகீழாக மாறியிருக்க வாய்ப்பு அதிகம். அந்தச் செட்டைத் தனியாக ஓட்டி, மோட்டார் லோடு கொடுத்து, டிரூப் பிரீசெட்டைக் குறைந்த இடத்திலிருந்து மெல்ல ஏற்றுங்கள். வோல்டேஜ் இறங்க வேண்டும். ஏறினால் செட்டை நிறுத்தி எஸ்1, எஸ்2-ஐ மாற்றிப் போட்டு மறுபடி பாருங்கள். ஓடும்போது சிடி வயரைக் கழற்றாதீர்கள், திறந்த சிடியில் ஆபத்தான வோல்டேஜ் நிற்கும். ஹீட்டர் லோடில் இந்தச் சோதனை தெரியாது, மோட்டார் மாதிரி லேகிங் லோடுதான் வேண்டும். இரண்டு செட்டிலும் ஒரே லோடில் ஒரே அளவு இறங்கும்படி டிரூப்பை வைத்த பிறகு பேரலல் செய்து கிளாம்ப் மீட்டரில் பாருங்கள்.